உட்கார்ந்து வெட்டும் கத்தி

மரக்காணம் உப்பளங்களில் உப்பை வாருவது மரப்பலகையால்தான். அந்தக் காற்றுக்கும் தண்ணீருக்கும் இரும்பு தாங்காது, துரு தின்றுவிடும். ஆனால் அதே கரையின் மீன்கடையில் இரும்புக்குத்தான் ராஜமரியாதை. அருவாமனையைச் சொல்கிறேன்.

இதில் பலகையில் பதித்த கத்தி அசையாது, மீன்தான் அதைத் தேடி வரும். பலகையை ஒரு காலால் அழுத்திக்கொள்வதால் இரண்டு கையும் மீனுக்கு. சங்கராவின் துடுப்பு, வால், செவுள் எல்லாம் வரிசையாக விழும். "கொழம்புக்கா, வறுக்கவாம்மா?" பதிலைப் பொறுத்துத்தான் துண்டின் கனம்.

அலகின் உயிர் தோய்ச்சலில் இருக்கிறது. பழைய லாரி வில்பட்டையைக் காய்ச்சி அடித்துத் தண்ணீரில் முக்குவார்கள். விறைப்பு மிஞ்சினால் விளிம்பு தெறிக்கும், குறைந்தால் மடங்கும். கொல்லருக்கு அளவுகோல், காய்ந்த இரும்பின் நிறம்.

கொல்லர் கைவேலை என்றால், சென்னை அருங்காட்சியகத்தின் தஞ்சைக் கட்டாரிகள் அழகுதான். அருவாமனை என் கணக்கில் கட்டாரிக்குக் குறைந்த வேலைப்பாடல்ல. கண்ணாடிப் பெட்டிக்குள் போகவில்லை, அவ்வளவே.

இப்போது அருவாமனை துருப்பிடிக்காத எஃகிலும் வருகிறது. வஞ்சிரத்தின் நடுமுள்ளுக்கு அது எனக்குத் திருப்தியில்லை. பழைய இரும்பைக் கழுவி, ஈரம் போகத் துடைத்து, துளி தேங்காயெண்ணெய் தடவினால் போதும்.