எழுதத் தெரிந்தவரின் நடிப்பு

மதுரைவீரனைப் பெரும்பாலும் தனியாகக் கும்பிடுவதில்லை. ஒருபுறம் பொம்மி, மறுபுறம் வெள்ளையம்மாள். 1956இல் வந்த ‘மதுரை வீரன்’ படத்தில் அந்தப் பொம்மியாக நடித்தவர் பி. பானுமதி. அது முழுக்க எம்.ஜி.ஆர். படம். ஆனாலும் பானுமதி வந்து நின்றால் பார்வை அவர் பக்கம் திரும்பிவிடும். பாளையக்காரர் மகளுக்குரிய நிமிர்வு காதல் காட்சியிலும் குறையாது.

அவருடைய உச்சம் என்று நான் நினைப்பது அதே ஆண்டு வந்த ‘ரங்கோன் ராதா’. அண்ணாவின் கதை, கலைஞரின் வசனம், வில்லத்தனமான கணவராகச் சிவாஜி. மனைவி ரங்கத்தின் தங்கையையும் சொத்தையும் அடைவதற்காக ரங்கத்தைப் பைத்தியம் என்று ஊரை நம்பவைக்கிறான் அவன். ‘எனக்கு ஒன்றுமில்லை’ என்று அவள் சொல்லச் சொல்ல, அதுவே பைத்தியத்துக்குச் சாட்சியாகிறது. அலறித் தீர்த்துவிடக்கூடிய வேடம். பானுமதியோ முதலில் குழம்புகிறார், பிறகு கணவனைக் கவனிக்கிறார். புரிந்துகொண்டது கண்ணில் தெரிந்த பிறகுதான் குரல் உயர்கிறது. சிவாஜிக்கு எதிரே இவ்வளவு நிதானமாக நின்றவர்கள் குறைவு.

இந்தக் கவனிப்பு எழுத்தாளருடையது என்பேன். தெலுங்கில் அவர் எழுதிய ‘அத்தகாரி கதலு’ மாமியார் கதைகள். மடி, ஆசாரம், ஆவக்காய் என்று வீட்டையே ஆளுகிற மாமியாரை மருமகள் பார்த்துச் சொல்கிறாள். கேலி உண்டு, வன்மம் துளியும் இல்லை. ‘அன்னை’யில் (1962) தங்கை பெற்ற பிள்ளையை விடாமல் பிடித்துக்கொள்ளும் வளர்ப்புத் தாயை அவர் நடித்த விதமும் இதுவே. அவளுடைய சுயநலத்தை மறைக்கவில்லை. அவளை வெறுக்கவும் நம்மை விடவில்லை.

1925இல் ஒங்கோல் பக்கம் பிறந்து, தந்தையிடம் சங்கீதம் கற்றவர் பானுமதி. பின்னணிப் பாடகர்களின் காலத்திலும் தன் பாட்டைத் தானே பாடினார். 1953இல் ‘சண்டிராணி’யைத் தமிழ், தெலுங்கு, இந்தி மூன்றிலும் தானே இயக்கி நடித்தார். மூன்றிலும் ஒரே ஆள்! கணவர் ராமகிருஷ்ணாவோடு சென்னையில் பரணி ஸ்டுடியோவையும் நடத்தினார். அவருடைய தன்வரலாறான ‘நாலோ நேனு’ தேசிய விருது பெற்றது.

1992இல் ‘செம்பருத்தி’யில் பாட்டியாக வந்தார். பணக்கார வீட்டுக் கிழவியின் அதிகாரத்தைக் காட்ட அவருக்கு வசனம்கூடத் தேவைப்படவில்லை. அதிலும் இளையராஜா இசையில், சொந்தக் குரலில் பாடியிருக்கிறார்.