ஒருதலைக் காதலும் கைக்கிளையும்

தொல்காப்பியம் அகத்திணையை ஏழாகப் பகுக்கிறது. இருவரின் அன்பும் ஒத்திருக்கும் ஐந்து திணைகள் நடுவில் இருக்க, கைக்கிளை ஒருபுறமும் பெருந்திணை மறுபுறமும் நிற்கின்றன. கைக்கிளை என்பது ஒருவர் மட்டும் விரும்புவது. காமம் அறியாத இளையவள் ஒருத்தியிடம் மனம் இழந்தவன், மறுமொழி கிடைக்காமலே தானாகப் பேசி மகிழ்வதாக நூற்பா அதை விளக்குகிறது. அவன் செய்வது பேச்சோடு நின்றுவிடுகிறது. மடலேறுதலிலும் இப்படி ஓர் எல்லை உண்டு. மடல் ஏறுவேன் என்று தலைவன் சொல்வதை ஐந்திணைக்குள் ஏற்கும் உரையாசிரியர்கள், ஏறிவிட்டால் அதைப் பெருந்திணையில் சேர்த்துவிடுகிறார்கள். பழைய இலக்கணத்தின் பெண் பார்வையில் குறைகள் பல உண்டு. ஆனால் ஒருவனின் வேட்கையை இருவரின் காதலாக அது எண்ணிக் குழம்பவில்லை.

தமிழ்த் திரைப்படம் இந்த எல்லையை அழித்தது. நாயகியின் மறுப்பு அங்கே ஒரு பதில் அல்ல, இடைவேளைக்குள் கடக்க வேண்டிய தடை. பேருந்து நிறுத்தம், கல்லூரி வாசல், அவள் வீட்டுத் தெரு என நாயகன் பின்தொடர்வான். நண்பன் அதை நகைச்சுவையாக்குவான். பாடல் வரும்போது அவள் சிரித்திருப்பாள். கதையின் பாதையே அவன் விடாமுயற்சிக்குப் பரிசளிக்கும்படி போடப்பட்டது. ‘காதல் கொண்டேன்’ (2003) நாயகன் தோழியைக் காட்டுக்குக் கடத்திச் செல்கிறான். அவளை அவன் அடைவதில்லை. ஆனாலும் அவனுடைய கொடிய சிறுவயதைக் காட்டி, பார்வையாளரின் இரக்கம் அவன்மேல் விழும்படி படம் செய்கிறது. அவளுடைய அச்சத்துக்கு அவ்வளவு இடமில்லை. ‘இதயம்’ (1991) இதற்கு எதிர்த்துருவம். அதன் நாயகன் காதலைச் சொல்லவே முடியாமல் தவிப்பவன். கைக்கிளைக்கு மிக அருகில் வருபவன் அவன்தான்.

2016 ஜூனில் சென்னை நுங்கம்பாக்கம் ரயில் நிலையத்தில் ஓர் இளம்பெண் வெட்டிக் கொல்லப்பட்டார். ஒருதலைக் காதலே காரணம் என்றது காவல்துறை; குற்றம் சாட்டப்பட்டவர் விசாரணைக்கு முன்பே சிறையில் இறந்துவிட்டதால் எதுவும் நீதிமன்றத்தில் நிறுவப்படவில்லை. திரைப்படமே கொலைக்குக் காரணம் என்று சொல்வது எளிது, நிறுவுவது கடினம். அதே ஆண்டு அக்டோபரில் வந்த ‘ரெமோ’வைப் பற்றி அவ்வளவு தயங்க வேண்டியதில்லை. வேறொருவருடன் திருமணம் நிச்சயமான பெண்ணை, செவிலியாக வேடமிட்டு ஏமாற்றி மனம் மாற்றுவதுதான் அதன் கதை. அது குடும்பத்தோடு பார்க்கும் நகைச்சுவைப் படமாக ஓடியது.

பெண்ணின் மறுப்பே முடிவானது என்று வெளிப்படையாகச் சொன்னது ‘நேர்கொண்ட பார்வை’ (2019). அந்தச் சொல் நீதிமன்றத்தில் எடுபடுவதற்கும் அஜித்தின் குரல் தேவைப்பட்டது என்பது வேறு விஷயம்.

செய்தித்தாள்களின் பங்கு இதைவிடக் குறைவாகப் பேசப்படுகிறது. ஒரு பெண்ணைப் பின்தொடர்ந்து தொல்லை தருவது 2013இல் அப்போதைய இந்தியத் தண்டனைச் சட்டத்தில் தனிக் குற்றமாக்கப்பட்டது. கத்திக்குத்தோ அமில வீச்சோ நடந்த மறுநாள் தலைப்பில் அந்தக் குற்றத்தின் பெயரைக் காண்பது அரிது. ‘ஒருதலைக் காதல் விபரீதம்’ என்று இருக்கும். தாக்கியவன் ‘காதலன்’ ஆகிவிடுவான். அவனோடு ஒருநாளும் பேசியிராதவளாக இருந்தாலும், செய்தியின் முதல் வரியில் அவள் ‘காதலை ஏற்க மறுத்த’ பெண்.