கதை தெரிந்த தயாரிப்பாளர்

ஹாம்பர்க்கில் 1902இல் பிறந்த ஃபெலிக்ஸ் யோவாகிம்சோன், பெர்லின் நாடக மேடைக்கும் திரைக்கும் எழுதியவர். நாஜிகள் ஆட்சியைப் பிடித்ததும் யூதரான அவருக்கு ஜெர்மனியில் வேலை இல்லாமல் போனது. வியன்னா, புடாபெஸ்ட் வழியாக ஹாலிவுட் சேர்ந்து ஃபெலிக்ஸ் ஜாக்சன் ஆனார்.

அவருடைய ஒரு கதையில், யாரோ விட்டுச்சென்ற குழந்தையைத் தூக்கிய பெண்ணையே அதன் தாய் என்று ஊர் நம்பிவிடுகிறது. 1935இல் ‘க்ளைனே முட்டி’ என்ற படமாக வந்த இந்தக் கதைதான் 1939இல் ஜிஞ்சர் ரோஜர்ஸ் நடித்த ‘பேச்சலர் மதர்’ ஆனது. ஜாக்சனுக்கு ஆஸ்கர் பரிந்துரையையும் வாங்கித் தந்தது. ஒரே ஒரு தவறான நம்பிக்கையை வைத்துப் படம் முழுவதையும் நகர்த்துவதில் அவர் கெட்டிக்காரர்.

யுனிவர்சல் ஸ்டுடியோவை விட்டுத் தயாரிப்பாளர் ஜோ பாஸ்டர்நாக் விலகியபின், அந்த நிறுவனத்தின் பாடும் நட்சத்திரம் டியானா டர்பினின் படங்களைத் தயாரிக்கும் பொறுப்பு ஜாக்சனிடம் வந்தது. அவருடைய துணிச்சலான முடிவு 1944இல் வந்த ‘கிறிஸ்மஸ் ஹாலிடே’. ராபர்ட் சியோட்மாக் இயக்கம், சாமர்செட் மாம் நாவல். ஊரே செல்லப்பிள்ளையாகப் பார்த்த டர்பின் அதில் கொலைகாரனின் மனைவி. இரவு விடுதிப் பாடகி. பழகிய பிம்பத்தை உடைக்க எழுத்தாளனின் கண் வேண்டும். அது ஜாக்சனிடம் இருந்தது. தன் படங்களில் நல்ல படம் இதுதான் என்று டர்பினே பின்னாளில் கருதினார்.

ஆனால் அந்தத் துணிவு நீடிக்கவில்லை என்பதே என் வருத்தம். அதே ஆண்டு இறுதியில் ‘கான்ட் ஹெல்ப் சிங்கிங்’: வண்ணம், ஜெரோம் கெர்ன் இசை, பெருஞ்செலவு, கதையோ மெலிந்தது. 1945இல் ஜாக்சன் டர்பினை மணந்தார். 1947இல் வந்த ‘ஐ’ல் பி யுவர்ஸ்’, யுனிவர்சலே 1935இல் எடுத்த ‘த குட் ஃபேரி’யின் மறு ஆக்கம். திரைக்கதையும் ஜாக்சன், தயாரிப்பும் ஜாக்சன். எழுதுகிறவனிடம் ‘இது போதாது’ என்று சொல்வதற்குத்தான் தயாரிப்பாளர் வேண்டும். இரண்டு நாற்காலியிலும் ஒருவரே உட்கார்ந்தால் அதை யார் சொல்வது?

பிறர் எழுத்துக்குக் காவலாக நின்றபோதே அவர் உயர்ந்தார். 1950களில் சிபிஎஸ் தொலைக்காட்சியின் ‘ஸ்டுடியோ ஒன்’ அவர் கைக்கு வந்தது. நேரலை நாடகம், ஒரு மணி நேரம். நட்சத்திரத்தைவிட எழுத்துக்கே அங்கு முதலிடம். 1954 செப்டம்பரில் ரெஜினால்ட் ரோஸ் எழுதிய ‘ட்வெல்வ் ஆங்ரி மென்’ அங்கேதான் முதலில் ஒளிபரப்பானது. ஓர் அறை, பன்னிரண்டு ஜூரி உறுப்பினர்கள், தீராத வாக்குவாதம்: வேறொருவர் என்றால் வெளிக்காட்சி கேட்டிருப்பார். சிட்னி லூமெட் இயக்கிய அதன் 1957 திரைப்பட வடிவம்தான் உலகப்புகழ் பெற்றது. அதில் ஜாக்சனுக்குப் பங்கில்லை. நாடகத்தின் முழுப்பதிவு 2003இல்தான் கிடைத்தது. டர்பின் படங்களுக்கு முன்னால் அந்த ஒரு மணி நேரத்தைப் பார்த்துவிட்டு ஜாக்சனை எடைபோடுவதே நியாயம்.