அரிதாரம் கற்ற பிள்ளைகள்

திருவள்ளூர் வட்டாரம் தெருக்கூத்து வழங்கும் மண். திரௌபதி அம்மன் திருவிழா வந்தால் பாரதக்கூத்து விடிய விடிய நடக்கும். அங்கே ஒப்பனைக்கென்று தனி ஆள் கிடையாது. வேஷம் கட்டுபவரே கைக்கண்ணாடியைப் பார்த்துத் தன் முகத்தை எழுதிக்கொள்வார்; கூட வரும் பையன் வண்ணம் குழைத்துக் கொடுத்தே தொழிலைக் கற்பான். அந்தக் காலத்து அரிதாரம் ஆர்சனிக் கலந்த கனிமம். அதைப் பூசி ஆடியவர்களின் தோல் என்ன பாடுபட்டது என்பதை நம் நாடக வரலாறுகள் பேசுவதில்லை.

பாய்ஸ் கம்பெனிகள் என்ற நாடகக் குழுக்களும் பிள்ளைகளை வைத்தே நடந்தவை. சங்கரதாஸ் சுவாமிகளின் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் 1918இல் சேர்ந்தபோது டி.கே. சண்முகத்துக்கு வயது ஆறு. பின்னாளில் ஔவைக் கிழவியாக நடிக்க அவர் பற்களையே எடுத்துவிட்டார் என்பது நாடக உலகில் திரும்பத் திரும்பச் சொல்லப்படும் செய்தி. ஒப்பனையை உடம்போடு சேர்த்தே நினைத்த தலைமுறை அது.

சினிமா வந்ததும் இந்த உறவு அறுந்தது. ஸ்டுடியோவில் மேக்கப் ஒரு தனி இலாகா. நடிகர் நாற்காலியில் முகத்தைக் கொடுத்துவிட்டு உட்கார வேண்டியதுதான். எம்.ஜி.ஆருக்கு ஒப்பனை செய்த பீதாம்பரத்தின் பெயரைக்கூடப் பலர் இயக்குநர் பி. வாசுவின் தந்தை என்ற வகையில்தான் அறிவார்கள். ஜெமினி ஸ்டுடியோ நினைவுகளில் அசோகமித்திரன் காட்டும் 'ஆபீஸ் பாய்' இன்னும் பரிதாபம். நாற்பதைத் தாண்டிய அந்த மனிதர் நடிகராகும் கனவோடு வந்தவர். கடைசியில் கூட்டக் காட்சிக்கு வந்தவர்களின் முகத்தில் வாளிச் சாயத்தைத் தூரிகையால் அப்பும் வேலைதான் கிடைத்தது. நடிக்க வந்து ஒப்பனைக்குப் போவதை ஸ்டுடியோ தோல்வியாகவே பார்த்தது.

அதைத் தோல்வியல்ல, படிப்பு என்று ஆக்கியவர் கமல்ஹாசன். 1960இல் 'களத்தூர் கண்ணம்மா'வில் அறிமுகமான குழந்தை நட்சத்திரம், பிறகு டி.கே. சண்முகத்தின் நாடகக் குழுவில் சேர்ந்தார். வளர்ந்த பிள்ளைக்குப் பாத்திரம் கிடைக்காத இடைவெளியில் தங்கப்பன் மாஸ்டரிடம் நடன உதவியாளராக இருந்தார். ஒப்பனையைக் கற்க அவர் தேடிப் போனது மைக்கேல் வெஸ்ட்மோரிடம். அவருடைய தாத்தா ஜார்ஜ் வெஸ்ட்மோர் 1917இல் ஹாலிவுட்டில் முதல் மேக்கப் இலாகாவை அமைத்தவர். மைக்கேலும் 'மாஸ்க்' படத்துக்காக ஆஸ்கர் வாங்கியவர். ஆக, பாய்ஸ் கம்பெனி மரபும் ஹாலிவுட் குடும்பத் தொழிலும் ஒரே ஆளிடம் வந்து சேர்ந்தன.

பலன் ஒரே தரத்தில் இல்லை. 1996இல் வந்த 'இந்தியன்' சேனாபதியிடம் முதுமை நடையிலும் கழுத்திலும் தெரிந்தது. ரப்பர் அதற்குத் துணைதான் நின்றது. அதே ஆண்டு தீபாவளிக்கு வந்த 'அவ்வை சண்முகி' என் கணக்கில் அவருடைய ஒப்பனைப் படங்களிலேயே சிறந்தது. தலைப்பிலேயே நாடக ஆசிரியர் சண்முகத்துக்கு வணக்கம். முகமூடியின் அடியில் கண்ணும் வாயும் தடையின்றி வேலை செய்தன. 'தசாவதாரம்' (2008) வேறு கதை. பத்து வேடங்களில் சிலவற்றில் முகம் இறுகிப்போய் நடிப்பை விழுங்கிவிட்டது. எந்த அளவுக்குமேல் பூசக்கூடாது என்பது நடிகனுக்குத்தான் முதலில் தெரியும். அங்கே அந்த நடிகனை ஒப்பனைக்காரன் வென்றுவிட்டான் என்றே தோன்றுகிறது. ரசிகர்கள் சண்டைக்கு வரலாம், வரட்டும்.

தமிழ் சினிமா ஆய்வு கதாசிரியரையும் பாடலாசிரியரையும் தேடித்தேடிப் பதிந்திருக்கிறது. முகம் எழுதியவரை டைட்டில் கார்டில் விட்டுவிட்டது. தமிழ் பேசும்படம் 1931இல் வந்தது. தேசியத் திரைப்பட விருதுகள் 1954இல் தொடங்கின. அவற்றில் ஒப்பனைக்கென்று தனி விருது 2006ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் கொடுக்கிறார்கள். பழைய மேக்கப்மேன்கள் இருக்கும்போதே அவர்கள் சொல்வதைப் பதிவு செய்ய இளம் ஆய்வாளர்கள் முன்வர வேண்டும். கூத்துக்காரர்களிடமிருந்து தொடங்கினால் இன்னும் நல்லது.