உயரத்தை அளந்தது போதும்

தர்ஜினி சிவலிங்கத்தைப் பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் அவரது உயரத்தில்தான் தொடங்குகின்றன: 6 அடி 10 அங்குலம். யாழ்ப்பாணத்துப் பெண், நெட்பால் எனும் வலைப்பந்தில் இலங்கை அணியின் கோல் சூட்டராக இருந்தவர், 2009இலும் 2018இலும் ஆசியப் பட்டம் வென்ற அணிகளில் ஆடியவர். 2009 போர் முடிந்த ஆண்டு. ஆகவே சிங்களப் பெண்களோடு ஆடிய இந்தத் தமிழ்ப் பெண் நல்லிணக்கத்தின் சின்னமாகவும் ஆக்கப்படுகிறார். உயரம் பிறப்பில் வந்தது, சின்னம் பிறர் சூட்டியது என்றால், அவரே உழைத்துப் பெற்றது எது?

வலைப்பந்து, 1890களில் இங்கிலாந்தில் கூடைப்பந்தைப் பெண்களுக்கென்று அடக்கி உருவாக்கிய ஆட்டம். பந்தோடு ஓடக் கூடாது. 3 நொடிக்குள் கைமாற்ற வேண்டும். அவரவர் வலயத்தைத் தாண்டக் கூடாது. வலிகாமம் வடக்கில் வலயம் என்ற சொல்லுக்கு வேறு பொருள் உண்டு. 1990இல் மக்கள் இடம்பெயர்ந்தார்கள். ஊர்கள் உயர் பாதுகாப்பு வலயமாயின. வீடுகளோடு பள்ளிகளும் மைதானங்களும் பறிபோயின.

ஒரு பெண் விளையாட மாலை நேரம் வேண்டும், வீடு திரும்பப் பயமில்லாத வழி வேண்டும். போர் இரண்டையும் பறித்தது. திருவண்ணாமலையில் போர் இல்லை. ஆனாலும் என் மாணவிகள் ஐந்து மணிப் பேருந்துக்காக ஆட்டத்தைப் பாதியில் விட்டு ஓடுகிறார்கள். பையன்கள் இருட்டும்வரை ஆடுகிறார்கள். பெண்களுக்கு ஏற்கெனவே இருந்த ஊரடங்கைப் போர் சட்டமாக்கியது, அவ்வளவுதான்.

தர்ஜினியைப் பற்றி இனி எழுதுகிறவர்கள் அடிக்கோலைக் கீழே வைக்கட்டும். எந்த மைதானத்தில், எத்தனை மணிவரை, யார் துணையோடு பயிற்சி எடுத்தார் என்று கேட்கட்டும்.