ஷெர்லி கிளார்க்கின் கத்தரி

மனோதர்ம இசையைப் படமெடுப்பவருக்கு ஒரு தொல்லை உண்டு. அடுத்த சுரம் யாரிடமிருந்து கிளம்பும் என்று அவருக்குத் தெரியாது. கேமரா சாக்ஸபோன்காரரிடம் திரும்புவதற்குள் சங்கதி டிரம்ஸுக்குப் போயிருக்கும். பல ஜாஸ் படங்களில் கேமரா மூச்சிரைக்க ஓடி, எப்போதும் அரை நொடி பிந்தியே வந்து சேர்கிறது. 'ஆர்னெட்: மேட் இன் அமெரிக்கா' (1985) எடுத்த ஷெர்லி கிளார்க் அப்படித் துரத்துவதில்லை.

1983 செப்டம்பர். டெக்சஸில் ஜாஸ் சாக்ஸபோன்காரர் ஆர்னெட் கோல்மன் பிறந்த ஊரான ஃபோர்ட் வொர்த். மேடையில் அவருடைய 'ஸ்கைஸ் ஆஃப் அமெரிக்கா' இசைப்படைப்பு. ஒருபக்கம் தாளைப் பார்த்து வாசிக்கும் ஊர் சிம்பொனி. இன்னொரு பக்கம் அவருடைய அவிழ்த்துவிட்ட 'பிரைம் டைம்' குழு. இந்தக் கச்சேரிதான் படத்தின் முதுகெலும்பு. ஆனாலும் கிளார்க் அதை அடிக்கடி அறுத்துக்கொண்டு வெளியே போகிறார், திரும்பி வருகிறார். அவர் நடனம் பயின்றவர், படத்தொகுப்பும் அவரே. பாடகர் விட்ட இடைவெளியில் மிருதங்கக்காரர் ஒரு சொல் போடுவாரே, கிளார்க்கின் வெட்டு அப்படி விழுகிறது.

எனக்கு மிகப் பிடித்தவை கோல்மனின் மகன் டெனார்டோ வரும் இடங்கள். 1960களின் கடைசியிலேயே கிளார்க் கோல்மனைப் படமெடுக்கத் தொடங்கினார். அது பாதியில் நின்றது. அந்தப் பழைய சுருளில் டெனார்டோ சிறுவன். பத்து வயதில் தந்தையின் இசைத்தட்டில் டிரம்ஸ் வாசித்து, விமர்சகர்களிடம் வாங்கிக் கட்டிக்கொண்ட பையன். தந்தையும் பேஸ்காரர் சார்லி ஹேடனும் அவனைக் குழந்தை என்று தாங்குவதில்லை. அவன் அடித்ததற்குப் பதில் வாசிக்கிறார்கள். 1983 கச்சேரியிலும் டிரம்ஸில் டெனார்டோதான், வளர்ந்த ஆளாக. ஏறக்குறைய பதினைந்து வருடத்தைக் கிளார்க் ஒரு வெட்டில் தாண்டுகிறார். பழையது நினைவாகத் தேய்ந்து ஒதுங்கவில்லை. இரண்டு டெனார்டோக்களும் ஒரே குழுவில் வாசிப்பதாகவே படுகிறது. எந்த வாத்தியமும் இன்னொன்றுக்குக் கீழே இல்லை என்பது கோல்மனின் 'ஹார்மோலோடிக்ஸ்' கொள்கை. கிளார்க் அந்தச் சலுகையைக் காலத்துக்கும் கொடுத்துவிட்டார்.

கோல்மனை விண்வெளிக்கு அனுப்பும் வீடியோ வித்தை மட்டும் எனக்கு ருசிக்கவில்லை. அந்தக் காலத்துப் புதுமை, சீக்கிரமே பழசாகிவிட்டது. ஆனால் 'ஸ்கைஸ்' உச்சத்துக்கு ஏறும்போது பிம்பங்கள் கண்ணிமைக்கும் நேரத்துக்குள் மாறுகின்றனவே, அங்கே ஒலியை அடைத்துவிட்டுச் சற்று நேரம் பாருங்கள். தாளம் அப்போதும் ஓடிக்கொண்டிருக்கும். அது டெனார்டோவுடையது அல்ல, கிளார்க்குடையது.