இழந்ததை மீட்கும் சொல்: காட்டுமன்னார்கோயில் வட்டாரத்து மரபுகள்

கதையோ பாடலோ உள்ளதைச் சொல்வதோடு நில்லாமல் உள்ளதையே மாற்றிவிடும் என்னும் கருத்து, இன்றைய மிகைபுனைவு இலக்கியத்தில் விதிகளோடு கூடிய மந்திர அமைப்பாக வளர்ந்துள்ளது. அமெரிக்க எழுத்தாளர் அர்சுலா லெ குவின் 1968இல் வெளியிட்ட எர்த்சீ நாவலில் ஒரு பொருளின் உண்மைப் பெயரை அறிந்தவன் அதன்மேல் ஆட்சி பெறுகிறான் என்பது இதற்கு நன்கறியப்பட்ட சான்று. தமிழில் இக்கருத்து இலக்கணமாகவும் வழிபாடாகவும் நெடுங்காலமாக நிலைபெற்றிருப்பதையும், இங்கே சொல்லின் முதன்மையான வேலை ஆளுதலாக அன்றி, இழந்ததை மீட்பதாகக் கருதப்பட்டதையும் கடலூர் மாவட்டத்துக் காட்டுமன்னார்கோயில் வட்டாரத்தின் மரபுகள் தெளிவாகக் காட்டுகின்றன.

சொன்னது பலிக்கும் பெருமையுடையோர் ஆணையிட்டு மொழியும் மறைமொழியே மந்திரம் என்று தொல்காப்பியச் செய்யுளியல் வரையறுக்கிறது. பிற்காலப் பாட்டியல் நூல்கள், அதாவது சிற்றிலக்கிய வகைகளுக்கு இலக்கணம் கூறும் நூல்கள், ஒரு நூலின் முதற்சொல் பாட்டுடைத் தலைவனுக்கு நன்மையோ தீமையோ விளைக்கும் என்று கொண்டு, அதற்கு மங்கலம், எழுத்து, உண்டி முதலிய பத்துப் பொருத்தங்களை வகுத்தன. உண்டிப் பொருத்தத்தின்படி அ, இ, உ, எ என்னும் உயிர்களும் க, ச, த, ந, ப, ம, வ என்னும் மெய்களும் அமுத எழுத்துகள். ஆய்தமும் அளபெடையும் நச்செழுத்துகளுள் அடங்கும். மூன்றாம் நந்திவர்மப் பல்லவன் தன்மேல் பாடப்பட்ட நந்திக்கலம்பகத்தைக் கேட்டு உயிர்நீத்தான் என்ற கதை இந்நம்பிக்கையின் இருண்ட பக்கம். இவ்வாறு கேடு விளையும்படி பாடுவதையே மக்கள் அறம் பாடுதல் என்பர்.

ஆயினும் கேடு விளைக்கும் சொல்லைவிட, மீட்கும் சொல்லைப் பற்றியே தமிழ் மரபு அதிகம் பேசியிருக்கிறது. திருஞானசம்பந்தர் தம் பதிகங்களின் இறுதிப் பாடலில் தம் பெயரையும் ஊரையும் கூறி, பாடுவோர் பெறும் பயனையும் உரைப்பார். இதற்குத் திருக்கடைக்காப்பு என்று பெயர். பாடல் முடிந்த பிறகும் அதன் ஆற்றல் கலையாதிருக்க இடப்பட்ட காப்பு என்று அப்பெயரை விளங்கிக்கொள்ளலாம். பாடியவர் மறைந்த பின்னும் பாடுகிற எவர் வாயிலும் அதே பயன் விளையும் என்பதால், ஆற்றல் ஆளிடமிருந்து பாடலுக்குக் கைமாறுகிறது.

சம்பந்தரின் மயிலாப்பூர்ப் பதிகம் இவ்வகையில் தனித்து ஆராயத்தக்கது. பாம்பு தீண்டி இறந்த பூம்பாவையின் எலும்பையும் சாம்பலையும் அவள் தந்தை சிவநேசர் குடத்தில் இட்டு வைத்திருக்க, சம்பந்தர் பாடியதும் அவள் உயிர்பெற்று எழுந்தாள் என்று பெரியபுராணம் கூறுகிறது. அப்பதிகத்தில் உயிர் தருமாறு இறைவனிடம் கேட்கும் வேண்டுதல் இல்லை என்பது வியப்பூட்டுவது. ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கு, மார்கழித் திருவாதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு என்று ஊரின் விழாக்களை ஒன்றன்பின் ஒன்றாக அவளுக்கே எடுத்துச் சொல்லி, இவற்றையெல்லாம் காணாமலா போய்விடுவாய் என்று கேட்கிறார். இறந்தவளைத் திரும்ப அழைப்பது ஓர் ஊரின் ஆண்டு வட்டக் கதை. வாழ்க்கையைச் சரியாகச் சொல்லிக் காட்டினால் அதை மறுக்க எவராலும் இயலாது என்னும் பெருநம்பிக்கை அதில் இருக்கிறது.

முதலாம் பராந்தக சோழனின் வீரநாராயணன் என்னும் விருதுப்பெயரை வீராணம் ஏரியோடு பகிர்ந்துகொண்ட வீரநாராயணபுரமே இன்றைய காட்டுமன்னார்கோயில். வைணவ ஆசாரியருள் முதல்வரான நாதமுனிகள் இவ்வூரினர். குடந்தைப் பெருமாளைப் பற்றிய நம்மாழ்வார் பாடல்கள் பத்தை வழிப்போக்கர் சிலர் பாடக் கேட்ட அவர், அவை ஓராயிரத்துள் பத்து என்று அப்பாடல்களே தெரிவிப்பதைக் கவனித்து, எஞ்சியவற்றைத் தேடித் திருக்குருகூர் சென்றார். அங்கே மதுரகவியாழ்வாரின் வழிவந்த பராங்குசதாசரிடம் கிடைத்தது, 11 பாசுரங்கள் கொண்ட கண்ணிநுண் சிறுத்தாம்பு மட்டுமே. புளியமரத்தடியில் அதனை அவர் 12,000 முறை ஓத, நம்மாழ்வார் காட்சி தந்து ஆழ்வார்களின் நாலாயிரம் பாசுரங்களையும் அருளினார் என்று குருபரம்பரை நூல்கள் சொல்கின்றன. ஓதியவை 1,32,000 பாசுரங்கள் ஆகின்றன. அவை பெருமாளைவிட நம்மாழ்வாரையே போற்றுபவை. மாணவன் ஆசிரியனைச் சொல்லச் சொல்ல ஆசிரியன் வந்தான் என்பதே இதன் உட்பொருள். மீட்டவற்றை நாதமுனிகள் தம் மருமக்களாகிய கீழையகத்தாழ்வானுக்கும் மேலையகத்தாழ்வானுக்கும் இசையோடு கற்பித்தார்; பாசுரத்தை இசைத்தும் அபிநயித்தும் காட்டும் அரையர் சேவை திருவரங்கம், ஸ்ரீவில்லிபுத்தூர், ஆழ்வார்திருநகரி ஆகிய ஊர்களில் இன்றும் நடைபெறுகிறது.

ஊர் முழுவதும் கதைக்குள் நுழைவதைத் திரௌபதியம்மன் கோயில்களில் காணலாம். பாரதம் வாசிக்கப் பங்கு ஒதுக்கியதை முதலாம் பரமேசுவரவர்மனின் கூரம் செப்பேடு பதிவு செய்திருப்பதால், இவ்வழக்கம் ஏழாம் நூற்றாண்டிலேயே வேரூன்றியிருந்தது எனலாம். விராட பருவம் படித்தால் மழை பெய்யும் என்பது உழவர் நம்பிக்கை. பகலில் பாரதப் பிரசங்கமும் இரவில் தெருக்கூத்தும் நடந்து, இறுதியில் மண்ணால் பெரிய துரியோதனன் உருவைக் கிடத்திப் படுகளம் நிகழ்த்தி, திரௌபதி கூந்தல் முடித்த பின்னரே ஊரார் தீமிதிக்கு இறங்குவர். அவிழ்ந்த கூந்தல் முடியப்படுவதும் ஒரு மீட்பே.

காட்டுமன்னார்கோயிலை அடுத்த திருநாரையூரில் பிறந்த நம்பியாண்டார் நம்பியின் கதையில் இம்மரபு தன் எல்லையையும் தானே சொல்கிறது. அவ்வூர்ப் பொல்லாப் பிள்ளையார் அறிவித்தபடி, தேவார ஏடுகள் தில்லைக் கோயிலின் ஓர் அறையில் பூட்டப்பட்டிருப்பதை நம்பி அரசனுக்கு உணர்த்தினார். அவற்றைப் பாடிய சம்பந்தர் முதலிய மூவரும் வந்தாலன்றி அறை திறக்கப்படாது என்று தில்லைவாழ் அந்தணர் கூற, அரசன் மூவரின் திருவுருவங்களை எழுந்தருளச் செய்து அறையைத் திறப்பித்தான் என்று திருமுறைகண்ட புராணம் கூறுகிறது. உள்ளே ஏடுகளைச் செல் அரித்திருந்தது. மூவரும் பாடியவை 1,03,000 பதிகங்கள் என்பது புராணக் கணக்கு. எஞ்சியவை ஏறத்தாழ 800. இக்காலத்துக்கு வேண்டியதே எஞ்சியது என்று வானிலிருந்து குரல் எழுந்ததாகக் கதை ஆறுதல் சொன்னாலும், இழப்பை அது மறைக்கவில்லை. மறந்துபோன பண்களைத் திருநீலகண்ட யாழ்ப்பாணர் மரபில் வந்த ஒரு பெண்ணிடமிருந்து பெற வேண்டியிருந்தது. யாழ்ப்பாணரின் ஊரான எருக்கத்தம்புலியூர், இன்றைய இராசேந்திரப்பட்டினம், இதே மாவட்டத்தில்தான் உள்ளது.

இழந்தவற்றுள் ஒன்று பின்னாளில் மீண்டதும் உண்டு: 1917இல் திருவிடைவாய்க் கோயிலின் கல்வெட்டில், எந்த ஏட்டிலும் இல்லாத சம்பந்தர் பதிகம் ஒன்று வெளிப்பட்டது. ஓதுவார் எவர் நாவிலும் இல்லாமல் பல நூற்றாண்டுகள் சுவரில் இருந்த அப்பதிகம், படித்தெடுக்கப்பட்டுத் தேவாரப் பதிப்புகளில் சேர்ந்தது.